மறுகல்வரை நான் சொன்ன கதை

பாளையங்கோட்டையிலிருந்து திருச்செந்தூருக்கு மாட்டுவண்டியில் அரிசி ஏற்றிப் போவோம். திரும்பும்போது கருப்பட்டி. ஆறேழு வருஷம் அந்த வண்டி வேலை பார்த்தேன். படிப்பு இரண்டாம் வகுப்போடு சரி. இதை எழுதக் காரணம், அந்த ரோட்டில் நான் சொன்ன ஒரு பேச்சு.

மூன்று வண்டிகள் சேர்ந்து போகும். முன்வண்டி என் கூட்டாளியுடையது. நடுவில் என் வண்டி. பின்னால் ஒரு பெரியவர். அவருக்குப் பல் கிடையாது, சிரிப்பு உண்டு. மாட்டுக்குப் பாரம் குறையட்டும் என்று இறங்கி நடப்போம். நடக்கும்போது கூட்டாளி தன் நாட்டைப் பற்றிச் சொல்லுவான்.

அது அவனே உண்டாக்கின நாடு. அங்கே ஆறு கடலில் புறப்பட்டு மலைக்கு ஏறும். ஏற ஏறச் சிறுத்து ஒரு பாறை இடுக்கில் புகுந்துவிடும். பனைமரங்கள் வெயிலுக்குத் தக்கபடி இடம் மாறி நிற்கும். செத்த மாடு மூன்றாம் நாள் தொழுவத்துக்கு வந்து தண்ணீர் கேட்கும்.

அந்த நாட்டில் கதை சொல்ல ஒரு முறை உண்டு. ஒருத்தனே முழுக் கதையும் சொல்லக்கூடாது. ஒரு மைல்கல்லில் தொடங்கினால் அடுத்த கல்லில் வாயை மூடிவிட வேண்டும். கதையில் வருகிற ஆள் அந்நேரம் எங்கே நிற்கிறானோ அங்கேயே நிற்பான். அங்கிருந்து அவனைக் கொண்டு போகிறது வேறொருத்தன் வாய். அவன் சொன்னது சொன்னதுதான்.

“ராசா வந்தாலும் மாத்த முடியாது வே. தன் கதைக்குத் தானே முடிவு சொல்லுதவன் வாய் அங்கன கல்லாப் போயிரும்” என்பான்.

நாங்களும் அப்படியே சொல்லப் பழகினோம். அவன் ஆளைக் கிணற்றுக்குள் நிறுத்துவான், நான் தூக்கிவிடுவேன். பெரியவர் முறை வந்தால் கதையில் எல்லாரும் சாப்பிட உட்கார்ந்துவிடுவார்கள்.

ஒரு வருஷம் அவன் தன் பெண்டாட்டியை நாலுபேர் பார்க்க அடித்துவிட்டான். அவள் அன்றைக்கே சீவலப்பேரிக்கு, தாய்வீட்டுக்குப் போய்விட்டாள். நாலு மாசம் ஆயிற்று. அவன் போய்க் கூப்பிடவில்லை. எங்களிடம் அதைப் பற்றி வாய் திறக்கவும் இல்லை.

அதற்குப் பிறகு ஒரு நடை. ஸ்ரீவைகுண்டம் தாண்டினோம். யாரும் கேட்காமல் அவனே தொடங்கினான். அந்த நாட்டில் ஒருத்தன் பெண்டாட்டியை அடித்தான். அவள் ஆற்றோடு மேலே ஏறி மலையில் உள்ள தாய்வீட்டுக்குப் போனாள். கொஞ்ச நாள் கழித்து அவனும் ஏறினான். கையில் ஒரு சீப்பு வாழைப்பழம். கதவு சாத்தியிருக்கிறது. தட்டக் கை எழவில்லை. வாசலில் நிற்கிறான்.

கல் வந்தது. வாயை மூடிக்கொண்டான். என்னைப் பார்க்கவில்லை. மாட்டின் குளம்பையே பார்த்து நடந்தான்.

என் முறை. விளங்காமல் சொன்னேன் என்று எழுத மாட்டேன். விளங்கியது. முந்தின நடையில் திருச்செந்தூரில் பத்து வண்டிக்காரர்களுக்கு முன்னால் அவன், “ஒம்ம மாடு நடக்குதா, மண்ண அளக்குதா வே?” என்று கேட்டிருந்தான். எல்லாரும் சிரித்தார்கள். அது என் நெஞ்சில் கிடந்தது. பெரியவரும் சிரிக்க ஆயத்தமாகப் பக்கத்தில் வந்துவிட்டார்.

“கதவு தொறந்துச்சு” என்றேன். “வந்தது அவ இல்ல, மாமியாக்காரி. பழத்த வாங்கிக்கிட்டா. ‘எம்மவ சொல்லி வச்சிருக்கா, நீரு வந்தா பழத்த வாங்கிட்டு நாய அவுத்துவிடணுமாம்’ன்னா.”

பெரியவர் சிரித்துச் சிரித்து இருமினார். “கடிச்சுதா லே? எங்கன கடிச்சுது?”

கூட்டாளி என்னை மட்டும் கேட்டான். “அவ உள்ள இருந்தாளா வே?”

“இருந்தா. எட்டிக்கூடப் பாக்கல.”

“சரி” என்றான்.

அடுத்த கல் வந்தது. அவன் கதையை எடுக்கவில்லை. திருச்செந்தூர்வரை மாட்டை அதட்டுகிற சத்தம் மட்டும்தான்.

“விளையாட்டுக்குச் சொன்னேன், போய்க் கூட்டிட்டு வாரும்” என்று சொல்லியிருக்கலாம். திரும்பும் வழியெல்லாம் அது என் வாயில் இருந்தது. அடுத்த நடையில் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டேன். அடுத்த நடைக்கு அவன் இல்லை. மாட்டையும் வண்டியையும் விற்றுவிட்டுத் தூத்துக்குடியில் கப்பல் ஏறிவிட்டான். கண்டிப் பக்கம் ஒரு தோட்டம் என்று கேள்வி. இலங்கைக்குப் போகிற ஆளிடமெல்லாம் சொல்லி அனுப்பினேன். பதில் வரவில்லை.

அறுப்பு முடிந்து சீவலப்பேரிக்கு நெல் ஏற்றப் போனேன். களத்தில் அவன் பெண்டாட்டி தூற்றிக்கொண்டிருந்தாள். என்னைக் கண்டதும் சுளகைக் கீழே வைத்தாள்.

“அண்ணாச்சி, ஒங்ககூடத்தான பேசுவாவ. எம் பேச்ச எடுத்தாவளா?”

“எடுத்தான் தாயி.”

“என்ன சொன்னாவ?”

“பழத்தோட வாசல்ல நிக்கேன்னு சொன்னான்.”

“பொறவு?”

பிறகு உள்ளதையும் சொன்னேன். யார் சொன்னது என்பதையும் மறைக்கவில்லை. அவள் கடைசிவரை கேட்டாள். சுளகை எடுத்தாள். காற்று எந்தப் பக்கம் வருகிறது என்று பார்த்துத் திரும்பி நின்றாள்.

“எங்க வீட்ல நாயே கெடையாதே அண்ணாச்சி” என்றாள்.