இசக்கியம்மாள் பூச்சிக்காகக் குடத்தை இறக்கவில்லை

போன செவ்வாய்க்கிழமை காலை, வண்டன்மேட்டுக்குப் பக்கத்தில் நான் இப்போது வேலை பார்க்கும் எஸ்டேட் டிஸ்பென்சரிக்கு இருமல் மருந்து வாங்க வந்த ஒருவர் போகிற போக்கில் அந்தச் செய்தியைச் சொன்னார். "சாந்தன்பாறைப் பக்கம் இசக்கின்னு ஒருத்தி இருந்தாள்லா, அவ போய்ட்டாளாம். காய்ச்சலாம். பூச்சிக்காக வேலைய விட்டாளே, அவதான்." சொல்லிவிட்டுச் சிரித்தார். மருந்துக்குப் பாட்டிலை நீட்டிக்கொண்டே சிரித்தார். நான் ஊற்றிய மருந்தில் பாதி மேசையில் சிந்தியது. துக்கம் என்று அவர் நினைத்திருப்பார். எனக்கு வந்தது கோபம். அது இன்னும் அடங்கவில்லை, அதனால்தான் எழுத உட்கார்ந்தேன்.

இசக்கியம்மாளை அறிந்தவர்கள் சாந்தன்பாறையிலும் பூப்பாறையிலும் நிறையப் பேர் இருக்கிறீர்கள். உங்களில் பலர் இந்தச் சிரிப்பைச் சிரித்தவர்கள். உங்களுக்காகத்தான் இது. அறியாதவர்களுக்கு ஒரு வரி: திருநெல்வேலிப் பக்கம் பிறந்து, கல்யாணமாகி மலையேறி, கணவர் இறந்த பிறகும் ஊர் திரும்பாமல் ஏலத்தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில் ஒற்றை அறையில் இருபது வருடம் குடியிருந்த வேலைக்காரப் பெண்மணி. காய் எடுப்பார், களை வெட்டுவார், செடியில் காய்ந்த சருகு உரிப்பார். நான் அங்கே கம்பவுண்டராக இருந்த ஆறு வருடத்தில் டாக்டர் மாதம் ஒருமுறை வருவார். மற்ற நாளெல்லாம் டாக்டரும் நான்தான்.

நான் பாலக்காட்டுக்குக் கிழக்கே, கொழிஞ்சாம்பாறைக்காரன். எங்கள் பேச்சில் எதற்கும் 'ங்க' உண்டு. இசக்கியம்மாளுக்கு அது தீராத வேடிக்கை. ஒருமுறை காலில் முள் ஏறி வந்தார். "வலிக்குதுங்களா?" என்று கேட்டேன். "நீங்க என்கிட்டக் கேக்கியளா, முள்ளுகிட்டக் கேக்கியளா?" என்றார். அறையில் இருந்தவர்கள் எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். அவர் கிண்டலில் யாருக்கும் காயம் படாது. காயப்படுத்த வேண்டும் என்று நினைத்தால் அதற்கு அவர் கிண்டல் செய்ய மாட்டார், நேராகவே கேட்டுவிடுவார். அது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது.

நெருக்கடி நிலை வருவதற்கு முந்தைய கோடை அது. ஒருநாள் விடிந்தும் விடியாமல் மேல் லயத்தில் ஒரு நோயாளியைப் பார்த்துவிட்டு, வெயில் எட்டிப் பார்க்கும் நேரத்தில் ஏலக்காட்டு வழியாக இறங்கி வந்தேன். வேலைக்கு வந்த பெண்கள் ஒரு வரிசைச் செடிகளை விட்டுவிட்டு அடுத்த வரிசையில் சருகு உரித்துக்கொண்டிருந்தார்கள். ஏன் என்று கேட்டேன். இசக்கியம்மாள் என்னை அழைத்துப்போய் ஒரு தண்டைக் காட்டினார். பழுப்பு நிறத்தில் ஒரு கூடு தண்டைப் பற்றிக்கொண்டிருந்தது. அதன் முதுகு நீளமாகப் பிளந்திருந்தது. பிளவிலிருந்து வெளியே வந்து, அந்தக் கூட்டையே பிடித்துத் தொங்கியது ஒரு பூச்சி. வெள்ளை என்றும் சொல்ல முடியாது, இளம்பச்சை என்றும் சொல்ல முடியாது. உடம்பு தயிர்க்கட்டி மாதிரி இருந்தது. இறக்கைகள் ஈரத்துணி போல ஒட்டிக் கிடந்தன. கண் மட்டும் கறுப்பு. நான் விரலை நீட்டினேன்.

"கைய வைக்காதிய," என்றார். "சில்வண்டு. மண்ணுக்குள்ள கெடந்து இப்பத்தான் ஏறி வந்து தோல உரிச்சிருக்கு. இப்பத் தொட்டா செறகு மடங்கிப் போவும். பெறவு அது பறக்காது, எறும்புக்குத்தான். புள்ள பெத்தவ மாதிரின்னு வச்சிக்கிடுங்க, பச்ச ஒடம்பு. வெயிலு ஏறட்டும், கறுத்து எறுகிரும். அதுக்குப் பெறவு எவன் வந்தாலும் பறந்துரும்."

இதுதான் அந்தத் தோட்டத்துப் பெண்களின் வழக்கம். கோடையில் சில்வண்டு ஏறும் நாட்களில் வெயில் விழாத வரிசையை விட்டுவிட்டு, வெயில் விழுந்த வரிசையில் வேலையைத் தொடங்குவார்கள். யாருக்கும் ஒரு நிமிட வேலை குறையாது. மேலே உள்ளவர்களுக்கு இது தெரியாது. காரணம் எளிது, மேலே உள்ளவர்கள் யாரும் எட்டரை மணிக்கு முன்னால் காட்டுக்குள் கால் வைத்ததில்லை.

முதலாளி வருகிறார் என்று சூப்பர்வைசர் ஒருநாள் ஆறரைக்கே வந்துவிட்டார். தண்டுக்குத் தண்டு வெள்ளைப் பூச்சி தொங்குவதைப் பார்த்ததும் ஆள் அரண்டுபோனார். மத்தியானம் முழுக்கத் தலைக்கு மேலே காதைக் கிழிக்கும் சில்வண்டை அவருக்கு நன்றாகத் தெரியும், தினமும் திட்டுவார். அதே பூச்சியை வெள்ளையாகப் பார்த்தபோது அடையாளம் தெரியவில்லை. பக்கத்தில் நின்ற இருபது பெண்களிடம் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. நேராக மேனேஜரிடம் ஓடினார். புதுப் பூச்சி, உடனே மருந்தடிக்க வேண்டும் என்று உத்தரவு வந்தது.

பம்புகளையும் டிரம்களையும் எடுத்து வந்து மருந்து கலக்கி முடிக்க ஒன்பதரை ஆகிவிட்டது. அதற்குள் சில்வண்டுகள் கறுத்துப் பறந்துவிட்டன. தண்டில் இருந்தவை வெறும் தோல்கள். அந்தத் தோல்களின் மேல் மருந்தடித்தார்கள். மாலையில் சூப்பர்வைசர் வந்து பார்த்தார். தோல்கள் அசையாமல் காய்ந்திருந்தன. பூச்சி ஒழிந்தது என்று ரிப்போர்ட் எழுதினார்! மறுநாள் விடிகாலை மண்ணிலிருந்து அடுத்த கூட்டம் ஏறி வந்தது. மறுபடியும் மருந்து, மறுபடியும் காய்ந்த தோல், மறுபடியும் ரிப்போர்ட். படித்த மனிதர்கள் செய்த வேலை இது. இதற்கு யாரும் சிரித்ததாக நான் கேள்விப்பட்டதே இல்லை.

சூப்பர்வைசர் அந்தத் தோல்களில் ஒரு கைப்பிடியைப் பாட்டிலில் போட்டு, கெடாமல் இருக்க ஸ்பிரிட் ஊற்றச் சொல்லி என்னிடம் கொண்டுவந்தார். ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பார்த்தேன். உள்ளே ஒன்றுமில்லை, முதுகில் பிளவு. "இது வெறும் தோலுங்க," என்றேன். "செத்தாக் காஞ்சுதானய்யா போகும்?" என்றார். எனக்கு உண்மை தெரியும். இருந்தும் ஸ்பிரிட் ஊற்றினேன், மூடி போட்டு, மேலே சீட்டும் ஒட்டிக் கொடுத்தேன். பாட்டில் மேனேஜர் மேசைக்குப் போனது.

மருந்து கலக்கத் தண்ணீர் வேண்டும். ஓடையிலிருந்து குடத்தில் மொண்டு, மேடேறி டிரம்மில் ஊற்றுவது பெண்களின் வேலை. ஊற்றும்போது மருந்து தெறிக்கும், காற்றில் முகத்தில் படும். இரண்டாம் நாளே நாலு பேர் வாந்தி, தலைசுற்றல் என்று என்னிடம் வந்தார்கள். மூன்றாம் நாள் ஆள் போதவில்லை. காலையில் வாட்ச்மேன் ஒரு சீட்டு கொண்டுவந்தான். மாரித்தாய் என்ற பெண் பிள்ளை பெற்று இருபத்திரண்டு நாள் ஆகிறது, லேசான வேலைக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதி, கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது. டிஸ்பென்சரி வாசலில் கூட்டம். நான் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அரை நிமிடம்கூட ஆகியிருக்காது.

அன்று பதினோரு மணிக்கு ஓடைக்கரையில் ஒரு பெண் மயங்கி விழுந்தாள் என்று என்னைக் கூப்பிட்டார்கள். அவளுக்கு முகம் கழுவி, நிழலில் கிடத்திவிட்டு நிமிர்ந்தேன். கரையில் நின்ற பெண்களின் நடுவே, இடுப்பில் குடத்தோடு, முந்தானையெல்லாம் ஈரமாகி ஒரு சின்னப் பெண் நின்றாள். இசக்கியம்மாள் அவள் இடுப்பிலிருந்து குடத்தைப் பிடுங்கித் தண்ணீரைக் கீழே கொட்டினார். தன் குடத்தையும் கொட்டினார். இரண்டையும் பாறைமேல் கவிழ்த்து வைத்தார்.

"என்ன இசக்கி, வேலை செய்ய முடியாதா?" என்று சூப்பர்வைசர் கத்தினார்.

"நீங்க அடிக்கது வெறும் தோலுக்கு," என்றார் இசக்கியம்மாள். "பூச்சி காலையிலயே பறந்து போச்சு. அது சில்வண்டு, செடிய ஒண்ணும் செய்யாது. முந்தாநாளே சொன்னோம், கேக்கல. சரி, ஒங்க தோட்டம், ஒங்க மருந்து, என்னமும் செய்யிங்க. அதுக்கு இந்தப் பச்ச ஒடம்புக்காரி தண்ணி சொமக்கணுமா? வீட்டுல மூணு வாரப் புள்ள கெடக்கு. இந்த மருந்துக் கையோட போயித்தான அவ பால் குடுக்கணும்?"

"கம்பவுண்டர் சீட்டு கொடுத்திருக்கார். அவர்கிட்டயே கேளு."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். இசக்கியம்மாளும் பார்த்தார். "ஆளப் பாத்தியளா?" என்றார்.

"என்னதுங்க?"

"இவள. பாத்துட்டா எழுதுனிய?"

பார்த்தேன் என்று பொய் சொல்லத் தைரியமில்லை, பார்க்கவில்லை என்று உண்மை சொல்லவும் தைரியமில்லை. பெண்கள் ஒவ்வொருவராகக் குடத்தைக் கவிழ்த்தார்கள். அன்றோடு மருந்தடிப்பு நின்றது.

இரண்டு நாள் கழித்து இசக்கியம்மாளுக்கு வேலைநீக்கக் கடிதம் வந்தது. பூச்சியைக் காரணம் காட்டி வேலை செய்ய மறுத்தார், மற்றவர்களையும் தடுத்தார் என்று எழுதியிருந்தது. மாரித்தாயைப் பற்றி ஒரு சொல் கிடையாது. பிள்ளை பெற்றவளைத் தண்ணீர் சுமக்க வைத்தோம் என்று எழுதினால் கேள்வி வரும். பூச்சி என்று எழுதினால் சிரிப்புதான் வரும். எவ்வளவு கெட்டிக்காரத்தனம் பாருங்கள். சங்கத்துக்காரர்கள்கூட, பூச்சிக்காகவெல்லாம் வழக்காட முடியாது என்று கையை விரித்தார்கள். ஓடைக்கரையில் நின்று எல்லாவற்றையும் கேட்ட சாட்சி நான் ஒருவன் இருந்தேன். மாரித்தாய்க்கு ஓய்வு வேண்டும் என்று அன்று மாலையே வேறு சீட்டு எழுதிக் கொடுத்தேன், அது உண்மை. ஆனால் எஸ்டேட் ஆபீஸில் நடந்த விசாரணைக்கு நான் போகவில்லை. எனக்கும் எஸ்டேட் கொடுத்த வீடு இருந்தது, பள்ளிக்கூடம் போகும் இரண்டு பெண்கள் இருந்தார்கள். இதைச் சமாதானமாகச் சொல்லவில்லை. யார் மேல் கோபம் என்று கேட்பவர்களுக்காகச் சொல்கிறேன், பட்டியலில் நானும் இருக்கிறேன்.

லயத்து அறையைக் காலி செய்துவிட்டு, டிரங்குப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு இசக்கியம்மாள் பூப்பாறை பஸ்ஸுக்கு நடந்து போனார். வழியில் டிஸ்பென்சரி. நான் படியிறங்கி ஓடினேன்.

"மன்னிச்சுக்கங்க," என்றேன்.

அவர் நின்றார். பெட்டியை இறக்கவில்லை. "ஒங்கள மன்னிச்சு நான் என்ன செய்ய?" என்றார். "மாரித்தாய்க்குப் பால் கட்டிக்கிட்டு நெஞ்சு கல்லாக் கெடக்கு. ராத்திரியெல்லாம் காய்ச்சல். வெக்கப்பட்டுக்கிட்டு ஒங்ககிட்ட வரமாட்டாளாம். நீங்க போயிப் பாருங்க."

பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று வேகமாக நடந்தார். நான் மருந்துப் பையை எடுத்துக்கொண்டு லயத்துக்குப் போனேன். மாரித்தாயின் முகத்தை அன்றுதான் நேருக்கு நேர் பார்த்தேன். பத்தொன்பது வயதுகூட இருக்காது.

அதற்குப் பிறகு இசக்கியம்மாள் பூப்பாறையில் கிடைத்த கூலிக்கு வேலை செய்து, வாடகைக் குடிசையில் இருந்தார். பஸ் நிற்கும்போது இரண்டு மூன்று தடவை பார்த்திருக்கிறேன். என்னுடைய 'ங்க'வைக் கேலி செய்வதை விடவில்லை. ஓடைக்கரைப் பேச்சை அவர் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை. இப்போது எடுக்கிறேன், அவர் இல்லாதபோது. இதிலும் நான் தாமதம்தான்.

நல்லவர், இரக்கமுள்ளவர், பூச்சிக்கும் இரங்கியவர் என்று அவருக்கு யாரும் இரங்கற்பா எழுத வேண்டாம். அவர் கேட்டது இரக்கமே அல்ல. பார்த்தாயா என்று கேட்டார், அவ்வளவுதான். அந்தக் கேள்வியைத்தான் நான் அவரிடமிருந்து வைத்திருக்கிறேன். வைத்திருக்கிறேன் என்பதைவிட, அது என்னை விடவில்லை என்பதே சரி.

நேற்றுக் காலையும் வாட்ச்மேன் ஒரு சீட்டு கொண்டுவந்தான். பிள்ளை பெற்றுப் பதினெட்டு நாள், லேசான வேலைக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதி, கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது. வாசலில் கூட்டம் நின்றது. பேனாவை மூடி வைத்துவிட்டு, எந்த லயம் என்று கேட்டுக்கொண்டு எழுந்தேன்.