பஸ்ஸைத் துரத்திய லாத்தா

கொழும்பில் நான் எடுத்த படங்களைப் பார்க்கிறவர்கள் எல்லோரும் கேட்பது ஒன்றுதான். "யாருங்க இந்த ரெண்டு பேரு, எல்லாப் படத்துலயும் குறுக்க நிக்கிறாங்க?" சுதந்திரச் சதுக்கத்துச் சிங்கத்தை எடுத்தால் சிங்கத்துக்குப் பக்கத்தில் அந்த இரண்டு பேர். விகாரை வாசலை எடுத்தால் வாசலை மறைத்துக்கொண்டு அந்த இரண்டு பேர். ஒருத்தர் கையை நீட்டிப் பேசுவார், இன்னொருத்தர் இடுப்பில் கை வைத்துக் கேட்டுக்கொண்டிருப்பார். அடுத்த படத்தில் கை மாறியிருக்கும். நானும் நகரச் சொல்லிப் பார்த்தேன். யார் கேட்டார்கள்?

அதில் குட்டையாக இருப்பவள் என் எதிர்வீட்டு அக்கா. சென்னைப் புறநகரில், வேலப்பன்சாவடியில் எங்கள் குடியிருப்பில் இரண்டாவது மாடி. நான் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்தவள். இங்கே ஒரு கல்லூரியின் நூலகத்தில் வேலை. அதனால் அக்காவுக்கு நான் "லைப்ரரிம்மா". அவள் பூந்தமல்லியிலேயே பிறந்து, பூந்தமல்லியிலேயே வாழ்க்கைப்பட்டவள். கணவருக்கு அங்கே பெட்ஷீட் கடை. கொஞ்ச தூரம் தள்ளி எங்கள் குடியிருப்புக்கு வந்ததையே "ஊர வுட்டு வந்துட்டேன்மா" என்று ஏதோ கண்டம் தாண்டிய மாதிரி சொல்வாள்.

உயரமாக இருப்பவர் அவளுடைய லாத்தா. லாத்தா என்றால் அவர்கள் வீட்டில் மூத்த சகோதரி. முப்பது வருடத்துக்கு முன் கொழும்புத் துணி வியாபாரி ஒருவருக்கு வாழ்க்கைப்பட்டுப் போனவர். நாலு வருடத்துக்கு முன் கணவர் மௌத்தாகிவிட்டார், அதாவது காலமாகிவிட்டார். மகன்கள் இருவரும் கத்தாரில். கொழும்பை ஒட்டிய தெஹிவளையில் தனியாக இருக்கிறார். அந்தத் 'தனியாக' என்ற சொல்தான் அக்காவைத் தின்றுகொண்டிருந்தது. தன் வீட்டின் இரண்டாவது படுக்கையறையில் புதுக் கட்டில் போட்டாள். புது ஸ்கிரீன் தைத்தாள். லாத்தாவுக்கு முழங்கால் வலி என்று கழிவறைச் சுவரில் பிடித்துக்கொள்ள ஒரு கம்பிகூட அடித்து வைத்தாள். 'லாத்தா ரூம்' என்று அதற்குப் பெயர். விருந்தாளி யாரையும் அதில் படுக்க விடமாட்டாள். ஆள்தான் வரவில்லை. போனில் எப்போது கூப்பிட்டாலும் "பாப்பம், பாப்பம்" என்பாராம்.

அதனால், எங்கள் குடியிருப்புப் பெண்கள் பதினோரு பேர் சென்னைத் துறைமுகத்திலிருந்து கப்பலில் இலங்கை போய்வருவது என்று முடிவானதும் முதல் ஆளாகப் பெயர் கொடுத்தவள் அக்காதான். நேரில் போய்க் கையைப் பிடித்துக் கூப்பிட்டால் லாத்தாவால் தட்ட முடியாது என்று நம்பினாள். "கூட்டினு வந்துருவேன் பாரு" என்று லிஃப்டில் பார்க்கிறவர்களிடம் எல்லாம் சொன்னாள்.

கப்பல் கொழும்பில் நிற்பது ஆறே மணி நேரம். கப்பல்காரர்களே ஏற்பாடு செய்யும் பஸ் சுற்றுலா ஒன்று இருந்தது: 'தலைநகரின் சிறப்பான இடங்கள்'. இதில் போனால் லாத்தா வீட்டுக்கு எப்படிப் போவது என்று அக்கா கேட்டாள். இங்கேதான் நான் வாயைக் கொடுத்தேன். "பஸ்காரர்கிட்ட சொன்னா வழியில நிறுத்துவாருக்கா. ஒரு காப்பி குடிச்சிட்டு ஏறிக்கலாம்" என்றேன், ஏதோ கொழும்பில் பஸ் ஓட்டிப் பழகியவள் மாதிரி.

என் மேல் மட்டும் பழி போடக்கூடாது. எங்கள் பக்கத்தில் டூர் என்றால் வேன். வேன் என்றால் யாராவது ஒருத்தருடைய சொந்தக்காரர் வீட்டு வாசலில் நின்றே தீரும். காஞ்சிபுரம் போனோம், மாடி வீட்டம்மாவின் நாத்தனார் வீட்டில் பத்தொன்பது பேரும் இறங்கிக் காப்பி குடித்தோம். திருத்தணி போனபோது டிரைவருடைய மாமியார் வீட்டில் மோர். பூந்தமல்லி ஷேர் ஆட்டோவில் "ஓரமா நிறுத்துப்பா" என்றால் நிற்காத இடம் உண்டா? பஸ் என்று ஒன்று ஓடினால் அது சொன்ன இடத்தில் நிற்கும் என்று நாங்கள் பதினோரு பேருமே நம்பினோம். ஒருத்திக்குக்கூடச் சந்தேகம் வரவில்லை.

பத்து மணிக்கு இறங்கினோம். துறைமுகத்துக்குள்ளேயே பஸ்ஸில் ஏற்றிவிட்டார்கள். வழிகாட்டி நரைத்த மீசைக்காரர், கொழும்புத் தமிழர். கையில் மஞ்சள் குடை. வணக்கம் சொன்ன கையோடு, "நீங்க பாக்கப்போறது கொழும்பு. ஆனா சட்டப்படி தலைநகரம் பக்கத்தில இருக்கிற கோட்டே" என்றார். அடக் கடவுளே, வந்ததே தவறான ஊருக்கா என்று நான் நினைத்துக்கொண்டிருக்கும்போதே அக்கா எழுந்து அவரிடம் போய்விட்டாள்.

"அண்ணே, தெஹிவளைல ஓரமா ஒரு அஞ்சு நிமிசம் நிறுத்துனா போதும். என் லாத்தா ஊடு கீது. எல்லாருக்கும் சமைச்சு வச்சிகினு ஒக்காந்துகீது."

அவர் அதிர்ந்து போனார். பிறகு மிகவும் பொறுமையாக, "அம்மா, கோவிக்காதீங்கோ. இடையில எங்கயும் நிப்பாட்ட ஏலாது. முப்பத்திநாலு பேரைக் கூட்டிக்கொண்டு போறன், முப்பத்திநாலு பேரையும் கப்பலுக்குத் திருப்பிக் குடுக்க வேணும். தனியாப் போகவும் விடமாட்டாங்க" என்றார். தெஹிவளை நம் வழியிலேயே இல்லை என்பதையும் சொன்னார்.

அக்கா என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையை நான் மறக்கமாட்டேன். திட்டியிருந்தால் தேவலை. "இன்னா லைப்ரரிம்மா, நிறுத்துவாருன்னியே" என்று மெதுவாகத்தான் கேட்டாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது. சிவப்பும் வெள்ளையும் கோடு போட்ட அந்த அழகான பள்ளிவாசலைச் சுற்றி எல்லோரும் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது நான் வழிகாட்டியிடம் கெஞ்சிக்கொண்டிருந்தேன். மனுஷன் இளகிவிட்டார். தன் போனையே அக்காவிடம் கொடுத்து, "பஸ்ஸால வீட்டுக்குப் போக ஏலாது. உங்கட அக்காவ இங்க வரச் சொல்லுங்கோ. அடுத்தது கங்காராமை விகாரை, அங்க அரை மணித்தியாலம்" என்றார்.

விகாரை வாசலில் நாங்கள் இறங்கிய கொஞ்ச நேரத்தில் ஒரு நீல நிற ஆட்டோ வந்து நின்றது. இரண்டு துணிப்பைகளோடு இறங்கியவர் அக்காவைப் பார்த்ததும் பைகளை ஆட்டோவிலேயே போட்டுவிட்டு, முழங்கால் வலி எல்லாம் எங்கே போனதோ, வேகமாக வந்தார். கட்டிப்பிடித்து அழப்போகிறார்கள் என்று நான் கைக்குட்டையை எடுத்து வைத்துக்கொண்டேன்.

"இன்னாடி இப்புடி ஊதிப்போய்கீற? சுகர் மாத்தர போட்டியா?" என்றார் லாத்தா.

"நீ மட்டும் இன்னாவாம், ஈர்க்குச்சி மாதிரி கீற. தின்றியா இல்லியா?" என்றாள் அக்கா.

அவ்வளவுதான், ஆரம்பித்துவிட்டது. அரை மணி நேரம் வாசலிலேயே நின்று சண்டை. நான் உள்ளே ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். அவர்கள் நின்ற இடத்தைவிட்டு அசையவில்லை. மஞ்சள் குடை உயர்ந்தது. அக்கா பஸ்ஸில் ஏறிய பிறகுதான் வாயில் அடித்துக்கொண்டாள். "ரூமப் பத்திப் பேசவே இல்லியே!"

லாத்தா விடுகிற ஆளா? அடுத்த இடம் எது என்று வழிகாட்டியிடம் கேட்டுக்கொண்டு ஆட்டோவில் ஏறிவிட்டார். பஸ்ஸின் பின்பக்கக் கண்ணாடி வழியாக அந்த நீல ஆட்டோ பாய்ந்து பாய்ந்து வருவதைப் பஸ்ஸே பார்த்தது. சிக்னலில் அது பக்கத்தில் வந்து நின்றபோது லாத்தா கையாட்ட, சென்னைக்காரர்கள் எல்லோரும் கைதட்டினார்கள். நகரத்தின் சிறப்புகளை வழிகாட்டி மைக்கில் சொல்லிக்கொண்டே வந்தார். ஒருத்தரும் முன்னால் பார்க்கவில்லை, பாவம்.

சுதந்திரச் சதுக்கத்தில் இருபது நிமிடம். இந்தத் தடவை நான் அவர்களோடேயே நின்றேன். அக்கா ரூமில் ஆரம்பித்துக் கட்டிலுக்கு வருவதற்குள் லாத்தாவின் போன் மூன்று முறை அடித்தது. பக்கத்து வீட்டுச் சிங்களப் பெண் சாவியை எங்கே வைத்தீர்கள் என்று கேட்டாள். தையல் வகுப்புக்கு வருகிறவள் ஒருத்தி, நாளைக்கு வகுப்பு உண்டா என்று கேட்டாள். லாத்தா வீட்டில் தையல் வகுப்பு நடப்பதே அக்காவுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. ஆட்டோவை நகர்த்தச் சொல்லி வந்த போலீஸ்காரரிடம் லாத்தா சிங்களத்தில் என்னவோ சொன்னார். அவர் சிரித்துக்கொண்டு போய்விட்டார். அக்கா வாயைப் பிளந்து பார்த்தாள். தனியாக, நாதியில்லாமல் கிடக்கிறார் என்று அவள் நாலு வருடமாக நினைத்து நினைத்து அழுத லாத்தாவா இவர்?

கடைசி இடம் காலிமுகத்திடல். கடற்கரையோரம் பெரிய புல்வெளி. இறால் வடை விற்கும் வண்டிகள், பட்டம், நல்ல காற்று. நாற்பது நிமிடம் இருந்தது. லாத்தா பைகளைப் பிரித்தார். நெய்ச்சோறு, கோழி, தேங்காய்ப்பாலும் கருப்பட்டியும் முட்டையும் சேர்த்த வட்டிலப்பம். வட்டிலப்பத்தை வழிகாட்டிக்கும் கொடுத்தார். நான் எச்சில் கையோடு உட்கார்ந்திருக்கும்போது அக்கா ஆரம்பித்தாள்.

"லாத்தா, எங்கூட வந்துரு. ரூமு ரெடியா கீது. பாத்ரூம்ல கம்பிலாம் அடிச்சிகீறேன்."

லாத்தா சிரித்தார். "எனக்கு இங்க என்ன குறை ஈக்கி? அந்தக் கம்பிய நீயே புடிச்சிக்கோ."

"சிரிக்காத. தனியா கீற. ராத்திரில ஒண்ணு ஆச்சின்னா யாரு கீறா? நீ செத்துகித்துப் போனா எனுக்கு யாரு வந்து சொல்லுவா?" அக்கா அவர் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். "தெனிக்கும் அதான் நெனச்சிகினு கீறேன் லாத்தா. என்னால முடியல."

லாத்தா கையிலிருந்த தட்டைக் கீழே வைத்தார். அவர் பேச்சிலிருந்து கொழும்பு போய், மறுபடியும் முழுப் பூந்தமல்லி வந்துவிட்டது.

"அஞ்சு வாட்டி வந்தேன்டி நானு. உன் கல்யாணத்துக்கு வந்தேன். உன் ரெண்டு பிரசவத்துக்கும், என் புள்ளைங்கள இடுப்புல தூக்கினு வந்தேன். அம்மா மௌத்துக்கு வந்தேன், அத்தா மௌத்துக்கு வந்தேன். எண்ணிக்கோ, அஞ்சு. நீ ஒரு வாட்டி வந்தியா? என் புருசன் மௌத்தானப்பகூட போன்லதான அழுத? 'வந்துரு வந்துரு'ன்ற. ஒரு நாளாச்சும் 'நான் வரேன் லாத்தா'ன்னு சொன்னியா? இன்னிக்கும் பஸ்ஸ வுட்டு எறங்க வுட மாட்டேன்றாங்கன்னு நான்தான் தொரத்தினு வந்தேன். நான் எப்புடி கீறேன்னு என் ஊட்ட பாத்தாதானடி தெரியும்?"

அக்காவுக்குச் சண்டை, பிரச்சினை, குண்டுவெடிப்பு, கடை, பிள்ளைகளின் பரீட்சை என்று முப்பது வருடத்துக்கும் காரணம் இருந்தது. எத்தனையோ தடவை என்னிடம் சொல்லியிருக்கிறாள். அன்றைக்குத் தலையைக் குனிந்தபடி தட்டில் மிச்சமிருந்த சோற்றை வழித்துத் தின்றாள். எனக்கும் தலை நிமிரவில்லை. கூப்பிடுகிறவள்தான் பாசக்காரி, வராதவர்தான் கல்நெஞ்சக்காரி என்று நானும் அக்காவோடு சேர்ந்து லிஃப்டில் பேசியவள்தானே.

குடை உயர்ந்தது. லாத்தாவே முதலில் எழுந்தார். அக்காவின் முக்காட்டைச் சரி செய்து, தன் முந்தானையால் அவள் வாயைத் துடைத்தார். "செரி செரி, மூஞ்சத் தூக்காத. வாய்க்கு ருசியா தின்னியா? அது போதும். பஸ்ஸு போயிரும், ஓடு" என்றார். துறைமுக வாசல் வரைக்கும் அந்த ஆட்டோ எங்கள் பின்னாலேயே வந்தது. அதற்கு மேல் விடமாட்டார்கள். அக்கா கடைசி இருக்கையில் முழங்கால் போட்டுப் பின்கண்ணாடியைப் பார்த்தபடியே வந்தாள்.

மறுநாள் சாயங்காலம் கப்பலில் எல்லோருடைய பாஸ்போர்ட்டையும் திருப்பிக் கொடுத்தார்கள். நான் வரிசையில் நின்று எங்கள் இருவருடையதையும் வாங்கி வந்தேன். அக்கா தன்னுடையதைப் பிரித்து, வெறும் பக்கங்களை ஒவ்வொன்றாகத் திருப்பினாள். இந்தப் பயணத்துக்காகத்தான் அதை எடுத்திருந்தாள். முதல் பாஸ்போர்ட்.

"இது எத்தினி வருசத்துக்கு லைப்ரரிம்மா?"

"பத்து வருஷத்துக்கா."

"ஏரோபிளேன்ல போனா எம்மா நேரம்?"

"ஒன்றரை மணி நேரம் ஆகும்."

வேலப்பன்சாவடியிலிருந்து பஸ்ஸில் மயிலாப்பூர் போக அதைவிட அதிக நேரம் ஆகும். அது அவளுக்கும் தெரியும். விரலை மடக்கி ஏதோ எண்ணினாள்.

"அவ போனப்பவே எடுத்திருந்தா, இந்நேரம் மூணு புக்கு தீந்திருக்கும்" என்றாள். அதற்குப் பிறகுதான் அழுதாள்.