முகம் காட்டாத குதிரைக்காரன்

நம்பாதவர்கள் நம்பாமலே இருக்கட்டும். எனக்கு நடந்ததை மட்டும் எழுதுகிறேன். படத்தின் பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் தேடிப் பார்ப்பீர்கள்.

2022 டிசம்பர் 13, செவ்வாய்க்கிழமை. ஒஸ்லோவில், ஹவுகெட்டோ ஸ்டேஷனுக்குப் பக்கத்துக் கட்டடம் ஒன்றின் நிலவறையில் எங்கள் வேலையிடம். பழைய படச் சுருள்களை ஸ்கேன் செய்து கணினியில் ஏற்றிக் கொடுப்போம். நானும் முதலாளி அல்பேர்ட் அண்ணையும் மட்டும்தான். அவர் மன்னார் ஆள். லேசில் எதற்கும் பயப்பட மாட்டார்.

அன்று மெஷினில் ஓடியது நோரா என்ற பெண் கொண்டுவந்த படம். இரண்டாம் உலகப்போர் நேரத்தில் அமெரிக்காவில் எடுத்த மலிவான கௌபாய் படம். அதே கதாநாயகன், அதே வெள்ளைக் குதிரை, ஆறு நாளில் ஒரு படம் என்று தொடராக எடுத்துத் தள்ளியவற்றில் ஒன்று. போர் முடிந்ததும் நோர்வேயில் அவளுடைய அப்பப்பா முதன்முதலாகப் பார்த்த படம் அதுதானாம். வரும் சனிக்கிழமை அவருக்குத் தொண்ணூறு வயது. விழாவில் போட்டுக் காட்டவேண்டும்.

மூன்றாவது சுருளில் துரத்தல் காட்சி வந்தது. கிட்டத்தில் காட்டும்போது கதாநாயகன் சிரிப்பான். தூரத்தில் குதிரை பாயும்போது முதுகு மட்டும்தான் தெரியும்.

"அது அவன் இல்லை, டூப்," என்றார் அல்பேர்ட் அண்ணை. "டூப்பின்ரை முகத்தைக் காட்ட மாட்டாங்கள்."

3.20க்கு ஜாக்கெட்டை மாட்டினார்.

"போஸ்ட் ஒஃபிசுக்குப் போட்டு வாறன். மெஷினை இடையிலை நிப்பாட்டாதையும். சுருள் உக்கிப் போச்சு, அறுந்திடும்."

"ஓம் அண்ணை."

வெளியே இருட்டத் தொடங்கியிருந்தது. டிசம்பரில் இங்கே பகல் அவ்வளவுதான். ஏனோ எனக்கு இருக்கப் பிடிக்கவில்லை. எழுந்தேன். இருந்தேன். திரும்பவும் எழுந்தேன். தேநீர் ஆறிப்போயிருந்தது. சுருள் முடிய இன்னும் அரை மணி நேரம் இருந்தது.

3.31. திரையில் வெள்ளைக் குதிரை பாய்ந்தது. அதன் நிழலும் மணலில் கூடவே ஓடியது. கால்கள் தெரிந்தன. கழுத்து தெரிந்தது. ஆனால் அந்த நிழலின் முதுகில் ஆள் இல்லை.

வெளிச்சம் அப்படி விழுந்திருக்கும் என்று என்னையே சமாதானப்படுத்திக்கொண்டேன்.

3.36. டக்... டக்... டக்...

குளம்புச் சத்தம் என்று நினைத்தேன். பிறகுதான் உறைத்தது. ஒலியை நாங்கள் பிறகு தனியாகத்தான் எடுப்போம். ஸ்பீக்கருக்கு மின்சாரமே கொடுக்கவில்லை.

டக்... கிலுங்... டக்... கிலுங்...

குளம்பு இல்லை. சப்பாத்துக் காலடி. கூடவே ஏதோ இரும்பு கிலுங்கியது. சத்தம் படிக்கட்டில் இருந்து வந்தது. ஒவ்வொரு படியாக இறங்கிக்கொண்டிருந்தது.

"அண்ணை?"

வெளியே போக அந்தப் படி ஒன்றுதான் வழி.

திரையைப் பார்த்தேன். டூப்பின் தலை கொஞ்சம் இடப்பக்கம் திரும்பியிருந்தது. அடுத்த காட்சியில் இன்னும் கொஞ்சம். கன்னம் தெரிந்தது. பிறகு மூக்கு...

3.39. முழு முகமும் தெரிந்தது.

முதுகு என் பக்கம்.

முகமும் என் பக்கம்.

வாய் அசைந்தது...

கிலுங்... கதவுக்கு வெளியே.

3.41. கைப்பிடி மெல்லத் தாழ்ந்தது.

வயரைப் பிடுங்கினேன்.

பட்!

சுருள் அறுந்தது. சத்தம் நின்றது. கைப்பிடி மேலே போனது.

3.43க்கு அல்பேர்ட் அண்ணை கதவைத் திறந்தார். நான் மேசைக்குக் கீழே இருந்தேன். அவர் சுருளைப் பற்றிக் கேட்கவில்லை. அவருடைய உதடு வெளுத்திருந்தது.

"இஞ்சை இப்ப ஆரும் வந்தவையோ?"

"ஆர் அண்ணை?"

"நான் இறங்கேக்கை படியிலை ஒருத்தன் எனக்கு முன்னாலை. முகம் என்ரை பக்கம். மேலை ஏறி வாறான் எண்டு வழி விட்டு நிண்டனான்." படியைத் திரும்பிப் பார்த்தார். "அவன் வரேல்லை, தர்மினி. என்னைப் பாத்துக்கொண்டே கீழை இறங்கினவன்."

அன்றே இருவருமாக அறுந்த இடத்தை ஒட்டினோம். எல்லா விளக்கும் எரிய, கதவைத் திறந்து வைத்துக்கொண்டு மிச்சத்தையும் ஓட்டினோம். பதிவைப் போட்டுப் பார்த்தோம். முதுகு மட்டும்தான் இருந்தது. திரும்பிய முகம் எங்கேயும் இல்லை. சனிக்கிழமை விழாவும் நல்லபடியாக நடந்தது.

ஜனவரி 9. நோராவிடமிருந்து ஒரு செய்தி வந்தது.

துரத்தல் காட்சியை அமெரிக்காவில் ஒரு கிழவருக்கு அனுப்பியிருக்கிறாள். அந்தத் தொடரின் படங்களையும் படப்பிடிப்புக் குறிப்பேடுகளையும் சேர்த்து வைத்திருப்பவர் அவர். குறிப்பேட்டில் இருந்ததை அவர் அவளுக்கு எழுதியிருந்தார். முதல் நாளே டூப் குதிரையிலிருந்து விழுந்து, கழுத்து முறிந்து இறந்துபோனான். இளைஞர்கள் எல்லாம் போருக்குப் போயிருந்தார்கள். வேறு ஆள் கிடைக்கவில்லை. படத்தை ஆறு நாளில் முடித்தாக வேண்டும். அதனால் ஐந்தாம் நாள் வெறும் சேணத்தோடு குதிரையை ஓடவிட்டு, தூரத்தில் நின்று எடுத்தார்கள். யாரும் கவனிக்க மாட்டார்கள் என்று நினைத்தார்கள்.

கிழவர் பார்த்த எல்லாப் பிரதிகளிலும் குதிரை தனியாகத்தான் ஓடுகிறதாம்.

நோராவிடம் அவர் ஒன்றே ஒன்றுதான் கேட்டிருந்தார்.

"உங்கள் பிரதியில் குதிரை மேல் இருப்பது யார்?"