மூன்று அளவுக் கோட்டுக்காரர்

சலவைக்கடை இஸ்திரிப்பெட்டியோடு பதினோரு வருஷம் மல்லுக்கட்டியவளுக்கு ஒரு கர்வம் இருந்தது. துணியைத் தொட்டாலே உடையவரின் வசதியைச் சொல்லிவிடுவாள். வீட்டில் அக்கா அவளை மகாராணி என்றுதான் கூப்பிடுவாள். வசதியான ஒருவரைக் கட்டிக்கொண்டு இந்த நீராவியிலிருந்து தப்பிப்பது என்று முடிவெடுத்த மகாராணி, மாப்பிள்ளை தேடி ஊரெல்லாம் அலையவில்லை. கவுண்டரிலேயே வலை விரித்தாள்.

சிக்கியவர் வாரம் தவறாமல் மூன்று கோட்டு கொண்டுவந்தார். எல்லாம் அசல் கம்பளி. தோள் அளவுதான் கோட்டுக்குக் கோட்டு மாறியது.

"ஒரே ஆளுக்கு மூணு அளவாடி?" என்றாள் அக்கா.

"பெரிய மனுஷங்க உடம்பு ஏறும், இறங்கும். நம்மள மாதிரி எப்பவும் ஒரே வாட்டமாவா இருக்கும்?"

வேறு யார் துணியாக இருந்தாலும் முதல் பார்வையிலேயே சந்தேகப்பட்டிருப்பாள். இங்கே கண் சரியாகத்தான் பார்த்தது. ஆசை அதன் வாயைப் பொத்திவிட்டது.

அந்த வாரம் முதலாளி அவளை அழைத்தார். "எனக்கு முட்டி வலிம்மா. கடைய நீ பாத்துக்கறியா? வெள்ளிக்கிழமை சாத்தறதுக்குள்ள சொல்லு. இல்லேன்னா என் மச்சான் வரான்."

"கல்யாணம் ஆகப்போகுதுங்க," என்றாள் மகாராணி, மாப்பிள்ளைக்கே தெரியாத சேதியை.

வெள்ளி மாலை கோட்டுக்காரர் தேநீர் வாங்கிக் கொடுத்தார். ஆறும்வரை கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஒண்ணு சொல்லணும். அந்தக் கோட்டெல்லாம் என்னுது இல்ல. வாடகைக்கு விடற கடையில வேலை பாக்கறேன்."

அவள் தன் கோப்பையை நகர்த்தி வைத்தாள். "முன்னாடியே சொல்றதுக்கென்ன?"

"பயம்தான். உங்க கடை, உங்க அதிகாரம்... கட்டிக்கிட்டா நானும் கல்லாவுல உக்காரலாம்னு ஒரு நப்பாசை."

"என் கடையா? நான் அங்க தேய்க்கறவதாங்க."

"முதலாளியவே அதட்டுவீங்களே?"

"அவருக்குக் காது மந்தம்."

முதலில் சிரித்தது யார் என்று பின்னால் இருவரும் சண்டை போட்டதுண்டு. சிரித்து முடித்ததும் அவள் மணி பார்த்தாள். கடை சாத்தப் பத்து நிமிஷம். ஒரு செருப்பு வாரறுந்து கழன்றும் நிற்காமல் ஓடினாள்.

முதலாளி பாதிக் கதவை இறக்கியிருந்தார். "என்னம்மா, கல்யாணம்னியே?"

"விசாரிச்சுப் பாத்தோம். மாப்பிள்ளைக்கு வசதி போதாது. பொண்ணுக்கும்தான்," என்று மூச்சு வாங்கக் கத்தினாள். "கடைய நானே பாத்துக்கறேங்க."

"நல்லது. மச்சான்கிட்ட நான் பேசிக்கறேன். வெளியில ஒத்தச் செருப்போட நிக்கறது யாரு?"

திரும்பிப் பார்த்தாள். அவளுடைய அறுந்த செருப்பைக் கையில் பிடித்தபடி நின்றிருந்தார் அவர்.

"கஸ்டமர்தாங்க," என்றாள். "இப்போதைக்கு."