தேவிகுளத்தில் ஒரு சாமுராய்க் கச்சை

உடுமலை வழியாக மூணாறு போவது எப்படி என்று பின்னூட்டத்தில் கேட்டிருந்தீர்கள். எனக்குத் தெரிந்தது எழுபதுகளின் நடுவில், ஒரு தை மாதம் நான் போன வழி. அப்போது மீனாட்சிபுரத்தில் விவசாயம் பார்த்துக்கொண்டிருந்தேன். அப்பா இறந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. கூட வந்தவர் ஒரு ஜப்பான்காரர். சிரிக்காதீர்கள். எங்கள் பக்கத்து விவசாயிகளுக்கு பவர் டில்லர் என்ற உழவு வண்டி ஓட்டச் சொல்லித்தர வந்த மெக்கானிக். பெயர் கென்ஜி, நாற்பது வயது மனிதர். எங்களிடம் பழகிப் பழகி, அரைகுறைத் தமிழில்கூட 'ங்க' போடாமல் பேசமாட்டார்.

வண்டியைக் கிளப்பும் முன் கென்ஜி இடுப்பில் துண்டு கட்டுவார். இரண்டு சுற்று, ஒரு நுனியை நீளவாக்கில் மடிப்பு, முதுகுப் பக்கம் முடிச்சு. "எங்கப்பாவும் இப்படித்தாங்க கட்டுவாரு" என்று ஒருநாள் வாய்விட்டேன். அவர் கை அப்படியே நின்றுவிட்டது. அது சாமுராய்கள் கட்டும் கட்டாம். 'ஓபி' என்று நாலு விரல் அகலத்தில் நீளமான, விறைப்பான கச்சை. அதன் சுற்றுகளுக்கு நடுவில்தான் வாளைச் செருகுவார்களாம். பாட்டன் காலத்துக் கச்சையைக் கட்டிக்கொண்டு போருக்குப் போன கென்ஜியின் அண்ணன், சயாம் காட்டிலிருந்து திரும்பவில்லை. பட்டாளத்திலிருந்து வீட்டுக்கு ஒரு பெட்டி வந்தது. எலும்பு இல்லை, சாம்பல் இல்லை, உள்ளே ஒரு கல். அந்தக் கல்லுக்குத்தான் அவருடைய அம்மா இன்றைக்கும் தினம் சோறு வைக்கிறாளாம்.

அப்பாவும் யுத்த காலத்தில் சயாமில் ஜப்பான்காரர்களிடம் தண்டவாளம் போட அகப்பட்டுக் கிடந்தவர்தான். அங்கே கூட இருந்த பேச்சிமுத்து இப்போது தேவிகுளத்தில் இருக்கிறார், அவரிடம் ஒரு ஜப்பான் கச்சை உண்டு என்று அப்பா சொன்னது எனக்கு நினைவிருந்தது. அதைக் கென்ஜியிடம் சொல்லி, ஆயிரம் பேரில் எவனுடையதோ என்றேன். கென்ஜி கேட்பதாக இல்லை. "பாத்தா போதுங்க" என்றார்.

விடியற்காலை பஸ்ஸில் பொள்ளாச்சி, அங்கிருந்து உடுமலை, அங்கே மாறி மூணாறு. உடுமலையிலிருந்து மூணாறு எண்பத்தைந்து கிலோமீட்டர், டிக்கெட் அன்றைக்கு ஐந்து ரூபாய்க்குள்தான். சின்னாறு செக்போஸ்ட் தாண்டியதும் யானை குறுக்கே நின்றதால் அரை மணி நேரம் போயிற்று. டிரைவர் திரும்பிப் பார்த்தார். "ஏனுங்க, அவரு சைனாக்காரருங்களா?"

"ஜப்பானுங்க."

"எந்த ஊரா இருந்தா என்னங்க, முன்னால வந்து உக்காரச் சொல்லுங்க. மறையூருக்கு மேல வளைவு, கொடலு வாய்க்கு வந்துரும்."

உண்மைதான். பின்சீட்டில் உட்கார்ந்திருந்த நான்தான் மறையூர் தாண்டி ஜன்னலில் தொங்கினேன். மூணாறிலிருந்து தேவிகுளம் எட்டு கிலோமீட்டர், ஜீப்பில் போனோம்.

பேச்சிமுத்து, தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்து வாசலில் வெயில் காய்ந்துகொண்டிருந்தார். அப்பாவின் பெயரைச் சொன்னதும் என் கையைப் பிடித்துக்கொண்டார். கென்ஜியைப் பார்த்ததும் பிடி இறுகியது. "இவன என்னத்துக்குடே கூட்டியாந்த?" என்றார். விஷயத்தைச் சொன்னேன். என் கையை விட்டுவிட்டு, லயத்துக் கோடியிலிருந்த சுடலைமாடன் கோயிலுக்கு எழுந்து போய்ப் பெட்டியைத் திறந்தார்.

கருநீலத் துணி, மேலெல்லாம் மஞ்சள் கறை. "மாடனுக்குக் கச்சை. கொடைக்கு நாந்தான் கட்டி ஆடுதேன்" என்றார். ஒரு சுற்றும் முடிச்சும் போடும் அளவுதான் மிச்சம். கொடைத் திருவிழா முடிந்ததும் நுனியில் ஒரு விரற்கடை வெட்டி, நோஞ்சான் பிள்ளைகளுக்குக் காப்பாகக் கட்டுவது அந்த லயத்து வழக்கமாம். அத்தனை வருஷமும் வெட்டி வெட்டித்தான் இப்படி ஆகியிருக்கிறது.

கென்ஜி குனிந்து வணங்கிவிட்டு இரண்டு கையாலும் வாங்கினார். இரண்டு நுனியையும் தடவித் தடவிப் பார்த்தார். ஒரு நுனியில் சிவப்பு நூலில் ஐந்து இதழ்ப் பூ இருக்க வேண்டுமாம். அண்ணனைப் போருக்கு அனுப்பும்போது அம்மா தைத்தது.

"பூவா? இருந்துச்சு. கப்பல்ல வரும்போது மொத துண்டு வெட்டி ஒங்க அய்யா கையிலதான கட்டிவிட்டேன்" என்றார் பேச்சிமுத்து என்னிடம்.

ஐயோ! அப்பாவின் வலது புஜத்தில் அந்தப் பூவை நான் பிறந்ததிலிருந்து பார்த்திருக்கிறேன். "சாமி துணி" என்பார். எந்தச் சாமி என்று ஒருநாளும் கேட்டதில்லை. இறந்த அன்று குளிப்பாட்டும்போது அவிழ்க்கட்டுமா என்று கேட்டார்கள். அவருடையது அவரோடு போகட்டும் என்று நான்தான் சொன்னேன். ஆறே ஆறு மாதம்! அதை அங்கேயே கென்ஜியிடம் சொல்லிவிட்டேன். எனக்குத் தெரிந்த இங்கிலீஷ் அன்றைக்குப் போதவில்லை. 'எரிந்துவிட்டது' என்பதை மட்டும் இரண்டு தடவை சொன்னேன்.

பேச்சிமுத்துவின் குரல் இறங்கியது. "இதக் கட்டியிருந்தவன் காய்ச்சல்ல செத்தான். இந்தக் கச்சையால மூங்கில்ல கட்டித் தூக்கிட்டுப் போயி, நானும் ஒங்க அய்யாவுந்தான் பொதச்சோம். நல்லவனா இருந்தானான்னு மட்டும் கேக்காண்டாம்னு சொல்லு. எங்க ஆளுவ அங்க செத்ததுக்குக் கணக்கில்ல." புதைத்ததை மட்டும் மொழிபெயர்த்தேன். கென்ஜி அவர் முகத்தைப் பார்த்தார்.

அப்புறம் பேச்சிமுத்துவே போய்க் கத்தி எடுத்துவந்தார். "தாய்க்காரி உசுரோட இருக்காள்ல. ஒரு துண்டு கொண்டு போவட்டும்." கென்ஜி கச்சையின் மேல் கையை வைத்து மறைத்துக்கொண்டார். "வேண்டாங்க. இன்னும் வெட்டினா கட்ட வராதுங்க."

ஊர் திரும்பியதும் கென்ஜி, என் அப்பாவின் சாம்பலை எங்கே கரைத்தோம் என்று காட்டச் சொன்னார். மூலத்தறை ஆற்றுக்குக் கூட்டிப்போனேன். தண்ணீரில் இறங்கி ஒரு பிடி மணல் எடுத்து, "அம்மாவுக்குங்க" என்று பிஸ்கட் டப்பாவில் போட்டு மூடினார். அப்பாவின் சாம்பலெல்லாம் ஆடி வெள்ளத்தோடு எப்போதோ போயிருக்கும். அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

இப்போது உடுமலையிலிருந்து பஸ் நிறைய. காலை வண்டியில் ஏறுங்கள், முன்சீட்டாகப் பிடியுங்கள், தை மாதம் என்றால் ஸ்வெட்டர் அவசியம். நாள் தள்ளிப் போனாலும் மலை அங்கேயேதான் இருக்கும். வீட்டில் அப்பா இருந்தால், முதலில் அவர் கையில் கட்டியிருப்பது என்னவென்று கேட்டுவிட்டுக் கிளம்புங்கள்.