இரண்டு பத்தில் நின்ற மதியம்

வாயைத் திறந்தால் புளுகு, மூடினால் சிரிப்பு. அம்மாவின் தம்பியான என் மாமா அப்படிப்பட்ட ஆள். ஹார்பரில் ராத்திரி ஷிப்ட் முடித்துவிட்டு வந்து பகலில் எங்கள் வீட்டில்தான் தூங்குவார். முழித்திருக்கும் நேரத்தில் என்னை ஏமாற்றுவார். அப்படி ஏமாற்றியதில் பெரியது, கொல்லையில் கிடந்த கல்.

அப்பாவின் முன்னோர் முத்துக் குளித்த காலத்துக் கல் அது. கயிறு கட்டிய அந்தக் கல்லில் காலை வைத்து மூச்சைப் பிடித்தால் கடலடிக்கு இறக்கிவிடும்.

"கடலுக்கடியில எப்படி அவ்வளவு நேரம் மூச்சப் பிடிச்சாங்கன்னு நெனைக்க? கல்லுல ஏறுனா மேல காலம் நின்னுரும், ஏளா. மூணு தடவ கயித்த இழுத்தாத்தான் திரும்ப ஓடும்" என்று மாமா கண்ணை உருட்டுவார். இழுக்க மறந்த ஒருவனின் வல்லம் இன்னும் நடுக்கடலில் அசையாமல் நிற்கிறதாம். எனக்கு எட்டு வயது. நம்பாமல் என்ன செய்வேன்?

அப்பா சங்கு குளிக்கப் போகிறவர். அவருக்குக் கல் வேண்டாம். காற்று வரும் கம்ப்ரெஸர் குழாயை வாயில் கவ்விக்கொண்டு இறங்குவார். மதியம் இரண்டரைக்கெல்லாம் வீட்டில் இருப்பார். எனக்கு மூன்று மணிக்குக் கணக்கு டியூஷன். அன்று வாய்ப்பாடு படித்திருக்கவில்லை. டீச்சரிடம் பிரம்பு உண்டு. கொல்லைக்கு ஓடிக் கல்லில் ஏறி மூச்சைப் பிடித்தேன். தம்பியை வயிற்றில் சுமந்துகொண்டிருந்த அம்மா, வாசலில் பக்கத்து வீட்டு அக்காவோடு பேசிக்கொண்டிருந்தாள். வீட்டுக்குள் அவள் போன் அடித்து நின்றது. மூச்சு முட்டியதும் குதித்துவிட்டேன்.

உள்ளே வந்தால் மாமா நாற்காலியில் ஏறிக் கடிகாரத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். துரும்பைக்கூட நகர்த்தாத மனிதர். மணி இரண்டு பத்து. சோறு தின்றேன். இரண்டு பத்து. தட்டைக் கழுவி வைத்துவிட்டு வந்து பார்த்தேன். அப்போதும் இரண்டு பத்து.

முதலில் சந்தோஷம்தான். பிறகுதான் உறைத்தது, நான் கயிற்றை இழுக்கவில்லை. இழுக்கக் கயிறும் இல்லை. அதை அம்மா எப்போதோ அவிழ்த்துத் துணி காயப்போடும் கொடியாகக் கட்டியிருந்தாள். இரண்டரை ஆகாவிட்டால் அப்பா எப்படி வருவார்?

"ஏலே, ரெண்டரை ஆவ இவ்வளவு நேரமா? எம் போன எங்க?" என்றாள் அம்மா.

"சார்ஜ் இல்லக்கா, எங்கிட்டதான் இருக்கு. மச்சான் வந்துருவாரு, நீ உக்காரு."

மாமா சிரிக்காமல் பேசி நான் பார்த்ததே இல்லை. அசையாத வல்லத்தில் அப்பா தனியாக உட்கார்ந்திருப்பது கண்ணுக்குள்ளேயே நின்றது. மாமாவின் கையைப் பிடித்துக் கொல்லைக்கு இழுத்துப்போனேன்.

"மாமா, நான்தான் நிறுத்திட்டேன். கயிறு இல்ல மாமா. அப்பா வரமாட்டாவ."

கேலி செய்வார் என்று நினைத்தேன். அவர் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு என் சடையிலிருந்த ரிப்பனை அவிழ்த்துக் கல்லின் துளையில் கோத்து முடிந்தார்.

"இழுளா. ரெண்டு பேரும் சேந்து இழுப்போம்."

மூன்று தடவை இழுத்தோம். இழுத்த பிறகும் அவர் ரிப்பனை விடவில்லை. அப்படியே கல் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார். எவ்வளவு நேரமோ தெரியாது, அவர் பையில் போன் அடித்தது. காதில் வைத்துக் கேட்டவர் வீட்டுக்குள் ஓடினார்.

"அக்கா! மச்சானக் கரைக்குக் கொண்டாந்துட்டாங்க! உசுருக்கு ஒண்ணுமில்ல!"

ஆட்டோவுக்குச் சில்லறை எடுக்கும்போது அவர் சட்டைப் பையிலிருந்து பென்சில் பேட்டரி ஒன்று கீழே விழுந்தது. நான்தான் எடுத்துக் கொடுத்தேன். நாற்காலியில் ஏறிக் கடிகாரத்தில் போட்டார். முள் ஓடியது. நாங்கள் இழுத்த இழுப்புக்குத்தான் ஓடுகிறது என்று பெருமையாக இருந்தது.

அப்பா பிழைத்தார். இடது கால் மட்டும் மரத்தது மரத்ததுதான். அதன்பின் கடலில் இறங்கவில்லை. ரிப்பனுக்குப் பதில் கொடிக் கயிற்றை அவிழ்த்து இழுத்திருந்தால் அந்தக் காலும் திரும்பியிருக்கும் என்று எத்தனையோ நாள் போர்வைக்குள் அழுதிருக்கிறேன். பேட்டரி மாமாவின் பைக்குள் ஏன் போனது என்றோ, அப்பா வல்லத்தில் பேச்சு மூச்சில்லாமல் கிடக்கிறார் என்று இரண்டு பத்துக்கு வந்த போனை எடுத்தது யார் என்றோ அந்த வயதில் எனக்குக் கேட்கத் தோன்றவில்லை.