அடுப்படியில் பதிவான பேச்சு

நான் பத்தாவது வரைதான் படித்தேன். சட்ட விஷயத்தை எழுத நான் யார் என்று கூச்சமாகத்தான் இருக்கிறது. பெரியவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

உத்திரமேரூர் பக்கம் எங்கள் ஊர். பக்கத்தில் பெருநகர் என்ற ஊரில் கட்டிக்கொடுத்த என் மகள், கணவர் அடித்ததால் கைக்குழந்தையோடு எங்களிடம் வந்துவிட்டாள். ஊர்ப் பெரியவர்கள் இரு வீட்டாரையும் உட்காரவைத்துப் பேசினார்கள். அப்போது மருமகன் செல்போனை எடுத்து, எல்லோர் முன்னும் ஒரு பதிவைப் போட்டார். அவர்கள் வீட்டு அடுப்படியில் நடந்த சண்டை. அவர் குரலே அதில் இல்லை. என் மகள் அலறுவது மட்டும் கேட்டது.

"நானும் புள்ளையும் கெணத்துல வியுந்து சாவறோம், நீ நிம்மதியா இரு!"

"கேட்டீங்களா? இவகிட்ட எம் புள்ளைய எப்டி வுடறது?" என்றார் மருமகன்.

"இன்னாம்மா, பெத்தவ பேசற பேச்சா இது?" என்றார் ஒரு பெரியவர்.

மகள் தலை நிமிரவில்லை. "கோவத்துல நாம எல்லாருமே சொல்றதுதானே நைனா" என்று நான் சொன்னது பக்கத்தில் இருந்தவருக்குக்கூடக் கேட்டிருக்காது. குழந்தை தகப்பனிடம் இருக்கட்டும் என்று முடிவு சொல்லிவிட்டார்கள்.

அன்று மாலையே ஒரு வக்கீலம்மாவிடம் போனோம். வீட்டுக்குள் பேசியதைத் திருட்டுத்தனமாகப் பதியலாமா என்று அழுதேன்.

"அந்தரங்கம் அடிப்படை உரிமைதாம்மா. ஆனா புருஷன் பொண்டாட்டி வழக்குல, தெரியாம பதிஞ்ச பேச்சையும் நீதிபதி கேக்கலாம்னு உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கு. குழந்தைக்கு நாம மனு போடுவோம்" என்றார்.

இப்போதெல்லாம் எவ்வளவு கோபம் வந்தாலும், சாகிறேன் என்று சொல்ல எங்கள் வீட்டில் யாரையும் நான் விடுவதில்லை.

வக்கீலைப் பார்த்த மறுநாள் காலை, மருமகன் வீட்டார் ஆட்டோவில் வந்து பேரனைத் தூக்கிக்கொண்டு போனார்கள்.